மீளப்பெற்ற மனு

வழக்குத் தொடுத்தவர் ஒருவர், எதிராளி வாய் திறக்குமுன்னரே தமது மனுவைத் தாமே மீளப் பெற்றுக்கொண்டார் என்று கேள்விப்பட்டால், ஊரவர் அதற்கு இரண்டு காரணங்களையே கற்பிப்பர். ஒன்று, அவர் விலைபோய்விட்டார். மற்றது, அவர் பயந்துவிட்டார். மூன்றாவது காரணம் ஒன்று இருத்தல் கூடும் என்பது எவருக்கும் எளிதில் தோன்றுவதில்லை. தமிழ்நாட்டின் சிவகாசியிலே சிறிய அச்சகமொன்றை நடத்திவந்த அறுபத்திரண்டு வயதுடைய ஒருவர், 2023 ஆம் ஆண்டு பெப்ரவரி மாதத்தில் மதுரை நீதிமன்றத்திலிருந்து பஸ்ஸிலே ஊர் திரும்பியபோது, மேற்கூறிய இரண்டு காரணங்களும் அவருக்கு முன்னரே அங்கு போய்ச் சேர்ந்திருந்தன.

சிவகாசி என்றதும் பட்டாசும் தீப்பெட்டியுமே நினைவுக்கு வருதல் இயல்பு. ஆயினும் அந்நகரின் மூன்றாவது பெருந்தொழில் அச்சு. நாட்காட்டி, பெட்டிகளுக்கான மேலுறை, பாடசாலைக் கொப்பி என்று காகிதத்திலே பதியக்கூடிய யாவும் அங்கு பதியப்படுகின்றன. இலங்கையிற் கொப்பி எனப்படுவது அங்கே நோட்டு. இவருடைய அச்சகம் நோட்டையே நம்பி வாழ்ந்தது. தந்தையார் 1974 இல் கட்டிய வீட்டின் முன்பகுதியில் இயந்திரங்கள், பின்பகுதியிற் குடும்பம். 2017 இல் வங்கியொன்றிடம் இருவகைக் கடன் பெற்றார். இயந்திரம் வாங்க இருபத்தெட்டு இலட்சம் ரூபா தவணைக் கடன். காகிதம், மை முதலியன வாங்குவதற்குப் பன்னிரண்டு இலட்சம் நடைமுறைக் கடன். இரண்டுக்கும் வீட்டின் உறுதிப் பத்திரங்களே ஈடு. ஒரே வங்கியில், ஒரே மனிதருக்கு, இரண்டு கணக்கு இலக்கங்கள் இருந்தன என்பதை வாசகர் மனத்திற் கொள்ளுதல் வேண்டும். பின்னர் நேர்ந்தவற்றுட் பெரும்பகுதி அதிலேதான் தங்கியுள்ளது.

2020 மார்ச்சில் பாடசாலைகள் மூடப்பட்டன. தமிழ்நாட்டிலே கீழ்வகுப்புகள் மீண்டும் திறக்கப்பட்டது 2021 நவம்பரிலேதான். இரண்டு கல்வியாண்டுகளுக்கு நோட்டு வாங்குவார் இல்லை. கொரோனாத் தொற்றின் தொடக்கத்தில் இந்திய ரிசர்வ் வங்கி, 2020 மார்ச் முதல் ஓகஸ்ட் வரையான ஆறு மாதங்களுக்குத் தவணைகளை ஒத்திவைக்க இடமளித்தது. தவணை நின்றதேயன்றி வட்டி நிற்கவில்லை. கட்டாத வட்டியின் மேலும் வட்டி ஏறியது. அவ்வாண்டு ஒக்டோபரில், இரண்டு கோடி ரூபாவுக்கு மேற்படாத கடன்களுக்குக் கூட்டு வட்டிக்கும் தனி வட்டிக்கும் இடையிலான வேறுபாட்டைத் தானே ஏற்று, கடனாளியின் கணக்கில் வரவு வைப்பதாக மத்திய அரசு அறிவித்தது. 2021 மார்ச் 23 ஆம் திகதி இந்திய உச்ச நீதிமன்றமும், அந்த ஆறு மாதங்களுக்கு எந்தக் கடன்காரரிடமும் வட்டிக்கு வட்டி அறவிடலாகாது, அறவிட்டிருப்பின் அது திருப்பித் தரப்படவோ அடுத்த தவணையிற் கழிக்கப்படவோ வேண்டும் எனத் தீர்ப்பளித்தது. சிவகாசி அச்சகத்தார் பத்திரிகையில் இச்செய்தியைப் படித்துத் துண்டை வெட்டி வைத்துக்கொண்டார். தமது கணக்கில் அந்த வரவு எங்கே என்று தேடினார், அவருக்கு அகப்படவில்லை.

இதனினும் பெரிய விடயம் வேறொன்று. 2021 நவம்பரில், பாடசாலைகள் திறந்த சூட்டோடு கிடைத்த முற்பணத்தில் மூன்று இலட்சம் ரூபாவை அவர் வங்கியிற் செலுத்தினார். செலுத்திய சீட்டிலே தவணைக் கடனின் இலக்கத்தைத் தம் கையாலேயே எழுதினார். வங்கியோ அத்தொகையை நடைமுறைக் கடனின் கணக்கில் வரவு வைத்தது. இதனாலே தவணைக் கடன் நிலுவையிலேயே கிடந்தது. தொண்ணூறு நாட்களுக்கு மேல் நிலுவையிற் கிடக்கும் கடனைச் செயற்படாக் கடன் என வகைப்படுத்துவது அங்குள்ள விதி. ஒரு கணக்கு அவ்வாறு வகைப்படுத்தப்பட்டால், அதே கடனாளியின் மற்றைய கணக்கும் அதனுடன் இழுபடும். 2022 ஜூனில் இரண்டும் செயற்படாக் கடன்களாயின. மூன்று இலட்சம் எழுதப்பட்ட இடத்திலேயே வரவாகியிருந்தால் அந்தத் திகதியில் அவ்வகைப்பாடு நேர்ந்திராது என்பதே அவருடைய கட்சி. சீட்டின் அடிக்கட்டை, வங்கியின் முத்திரையோடு, அவரிடம் இருந்தது.

இதன்பின் நடந்தது சட்டம் விதித்த ஒழுங்கிலேயே நடந்தது. 2002 ஆம் ஆண்டில் இந்திய நாடாளுமன்றம் இயற்றிய சட்டமொன்று, ஈடு பெற்ற வங்கி நீதிமன்றத்தின் வாயிலை மிதிக்காமலே ஈட்டுச் சொத்தைக் கைப்பற்றி விற்க வழிசெய்கின்றது. அதன் ஆங்கிலப் பெயரின் முதலெழுத்துகளைச் சேர்த்துச் சர்ஃபாசி என்பர். முதலில் அறுபது நாள் அவகாசம் தரும் கோரிக்கை அறிவித்தல். கடனாளி ஆட்சேபித்தால் வங்கி பதினைந்து நாட்களுக்குள் மறுமொழி தருதல் வேண்டும். அதன் பின்னர் உடைமையேற்பு அறிவித்தல். அது சொத்தின் மீது ஒட்டப்படுவதோடு, இரண்டு பத்திரிகைகளிலும் வெளியாகும். சிவகாசிக்காரர் நான்கு பக்கங்களில் ஆட்சேபம் எழுதினார். உங்கள் கூற்று ஏற்கத்தக்கதன்று என்னும் பொருளில் இரண்டு வரிகள் வந்தன. 2023 ஜனவரி 9 ஆம் திகதி காலையில், பொங்கலுக்கு ஆறு நாள் இருக்க, அச்சகக் கதவில் ஆங்கிலத்திலே அறிவித்தல் ஒட்டப்பட்டது. நாற்பத்தொரு இலட்சத்து அறுபத்துமூவாயிரம் ரூபா என்பது அதிற் கண்ட தொகை.

இலங்கை வாசகருக்கு இது புதிய காட்சியன்று. 1990 ஆம் ஆண்டின் 4 ஆம் இலக்கச் சட்டத்தினால் வங்கிகள் பெற்ற பராட்டே அதிகாரம் இதன் உடன்பிறப்பு எனலாம். பணிப்பாளர் சபையின் தீர்மானம் ஒன்றே அங்கு நீதிமன்றத் தீர்ப்பின் இடத்தைப் பெறுகின்றது. அதனால் நசிந்தோரின் குரல் ஓங்கியமையாலேதான் 2024 இல் அவ்வதிகாரம் தற்காலிகமாக நிறுத்திவைக்கப்பட்டு, அந்நிறுத்தம் 2025 மார்ச் 31 வரை நீடிக்கப்பட்டது. இந்தியச் சட்டத்திலுள்ள ஒரு வேறுபாடு கவனத்துக்குரியது. கைப்பற்றும் அதிகாரத்தை வங்கிக்குக் கொடுத்த அச்சட்டமே, கைப்பற்றப்பட்டவன் நாற்பத்தைந்து நாட்களுக்குள் சென்று முறையிடுவதற்கென ஒரு வாயிலையும் திறந்து வைத்தது. அந்த வாயில் நீதிமன்றத்தினுடையதன்று. கடன் மீட்புத் தீர்ப்பாயத்தினுடையது. குடியியல் நீதிமன்றங்களுக்கு இவ்விடயத்தில் அதிகாரமில்லை என்று சட்டத்தின் 34 ஆம் பிரிவு கூறிவிட்டது.

கதவில் ஒட்டப்பட்ட அறிவித்தலில், பணத்தைக் கட்டிச் சொத்தை மீட்டுக்கொள்ளலாம் என்பதற்கான பிரிவு சுட்டப்பட்டிருந்தது. தீர்ப்பாயத்தைப் பற்றியோ நாற்பத்தைந்து நாட்களைப் பற்றியோ அதில் ஒரு சொல்லும் இல்லை. பணம் கட்டும் வழியைச் சொல்வதும், முறையிடும் வழியைச் சொல்லாது விடுவதும் தற்செயலானவை என்று கொள்வது கடினம்.

அவர் சென்றது உயர் நீதிமன்றத்துக்கு. இலங்கை வழக்கில் உயர் நீதிமன்றம் என்பது நாட்டின் அதியுயர் மன்று. இந்தியாவிலோ அது மாநிலத்தின் தலைமை மன்றைக் குறிக்கும். அதற்கும் மேலுள்ளது உச்ச நீதிமன்றம். எவ்வாறாயினும் உயர் என்னும் அடைமொழிக்குச் சாதாரண மனிதரின் உள்ளத்தில் ஒரு கவர்ச்சி உண்டு. பெரிய வைத்தியசாலை, பெரிய கோயில், பெரிய நீதிமன்றம்; உயரத்தில் இருப்பவர்க்கு அதிகம் தெரியும், அதிகம் கேட்கும் என்பது நமது நெடுநாளைய நம்பிக்கை. சென்னை உயர் நீதிமன்றத்தின் கிளை மதுரையில் 2004 ஜூலையில் திறக்கப்பட்ட பின்னர், தென்மாவட்டத்தார் சென்னைக்கு இரவுப் பிரயாணம் செய்யவேண்டிய துன்பமும் நீங்கியிருந்தது. சிவகாசியிலுள்ள சட்டத்தரணி ஒருவர், வங்கியின் நடவடிக்கையை விலக்குமாறு கோரும் பேராணை மனுவை எழுதித் தந்தார். பொங்கல் விடுமுறை கழிந்து, ஜனவரி 20 ஆம் திகதி அது பதிவாயிற்று. விசாரணைக்கு வருவது பெப்ரவரி 2 ஆம் திகதி என்று தெரியவந்தது. மனு அரசியலமைப்பின் 226 ஆம் உறுப்புரையின் கீழ் என்று எழுதியிருந்ததைக் கண்டு, தமது வழக்குக்கும் அரசியலமைப்புக்கும் தொடர்பு உண்டா என அவர் வியப்பும் பெருமையும் அடைந்தார்.

அவருடைய மகள் விருதுநகரில் ஒரு நிறுவனத்திற் கணக்குப் பதிவாளராக வேலை பார்ப்பவர். மனுவின் பிரதியை இரண்டு தடவை வாசித்தார். வங்கியின் செயல் இயற்கை நீதிக்கு மாறானது, தன்னிச்சையானது, வாழ்வாதார உரிமையைப் பறிப்பது என்று பன்னிரண்டு பக்கங்கள் இருந்தன. மூன்று இலட்சத்தைப் பற்றி ஒரேயொரு வாக்கியம் இருந்தது. அதுவும் ஒன்பதாம் பக்கத்தில் இருந்தது. அவர் தந்தையை அழைத்துக்கொண்டு, மதுரையிலே வங்கி வழக்குகளில் நீண்ட பழக்கமுடைய பெண் சட்டத்தரணி ஒருவரிடம் சென்றார். விசாரணைக்கு இரண்டு நாட்களே இருந்தன.

சட்டத்தரணி மனுவை ஒருபுறம் வைத்துவிட்டு, முதலிற் கேட்டது ஒரு திகதியைத்தான்: அறிவித்தல் என்றைக்கு ஒட்டப்பட்டது? ஜனவரி 9 என்றதும் விரல்விட்டு எண்ணி, பெப்ரவரி 23 என்று ஒரு தாளிலே குறித்துக்கொண்டார். பின்னர் அவர் பக்கம் திரும்பினார்.

“நீங்க கோர்ட்ல என்ன சொல்லணும்னு வந்தீங்க, ஐயா?”

“கணக்கு தப்புன்னு சொல்லணும், மேடம்.”

“அப்ப கணக்குப் பாக்குற இடத்துக்குத்தான் போகணும். இங்க கணக்குப் பாக்க மாட்டாங்க.”

இம்மூன்று வாக்கியங்களிலும் ஒரு முழு நியாயம் அடங்கியிருந்தது. பேராணை மனுவை விசாரிக்கும் மன்று சத்தியக் கடதாசிகளைக் கொண்டு சட்டப் பிழையை நோக்குமேயன்றி, வைப்புச் சீட்டின் அடிக்கட்டையைக் கையிலெடுத்துப் பேரேட்டோடு ஒப்பிடாது. அது அம்மன்றின் குறையன்று. அதன் வேலை அதுவன்று. மேலும், 2010 ஆம் ஆண்டில் சத்யவதி டண்டன் என்பாரின் வழக்கில் உச்ச நீதிமன்றம் கடுமையாகவே பேசிவிட்டது. பிறர் கடனுக்குப் பிணைநின்று சொத்தை ஈடுவைத்த அவருக்கு உயர் நீதிமன்றம் ஒன்று வழங்கிய தடைக் கட்டளையை அது நீக்கியது. சட்டம் தனி வழியொன்றை வகுத்திருக்க, உயர் நீதிமன்றங்கள் அதனைப் பொருட்படுத்தாது பேராணை மனுக்களை ஏற்று வங்கிகளின் கையைக் கட்டிவிடுகின்றன என்று கவலையும் தெரிவித்தது. அதன் பின்னர் இத்தகைய மனுக்கள் பெரும்பாலும் ஓரிரு நிமிடங்களில், மாற்றுப் பரிகாரம் உண்டு என்னும் ஒரே காரணத்தால் முடிந்துபோகின்றன. இதற்கு விலக்குகளும் உண்டு. தீர்ப்பாயங்களில் தலைமை அலுவலர் நியமிக்கப்படாது பதவிகள் வெறுமையாய்க் கிடந்தமையால், 2021 டிசம்பரில் அதே உச்ச நீதிமன்றம், இவ்விடயங்களைத் தற்காலிகமாக ஏற்று விசாரிக்குமாறு உயர் நீதிமன்றங்களை வேண்டவும் நேர்ந்தது. போகச் சொன்ன இடத்தில் ஆள் இல்லாதபோது சொன்னவரே வாயிலைத் திறக்க வேண்டியதாயிற்று.

அப்படியாயின் மன்றே மனுவைத் தள்ளட்டுமே, தாமாக ஏன் மீளப் பெறவேண்டும் என்று அச்சகத்தார் வினவினார். நியாயமான வினா. தோற்பதாயினும் ஒருவர் சொல்லித் தோற்பதில் உள்ள கௌரவம், தாமே விலகுவதில் இல்லை என்று அவர் நினைத்தார். சட்டத்தரணி கூறிய விடை இது: மன்று கேட்டுத் தள்ளுமாயின், தள்ளும்போது ஏதேனும் எழுதும். அறிவித்தலிற் குறைபாடு எதுவும் காணப்படவில்லை என்று ஒரு வரி எழுதப்பட்டுவிட்டால், வங்கித் தரப்பார் அந்த வரியைச் சட்டமிட்ட படம்போல் தீர்ப்பாயத்துக்கு எடுத்துச் செல்வர். எழுதப்படாத தாளோடு அங்கு செல்வதே நன்று.

மகளுக்கு வேறோர் ஐயம். கடன் மீட்புத் தீர்ப்பாயம் என்று பெயர் வைத்துக்கொண்டு, கடன் கொடுத்தவனுக்காக அமைக்கப்பட்ட இடத்திலே கடன் வாங்கியவன் போய் எதைக் கேட்பது? இந்த ஐயத்துக்கும் அடிப்படை உண்டு. 1993 ஆம் ஆண்டின் சட்டத்தால் இத்தீர்ப்பாயங்கள் உருவானபோது, வங்கிகள் தம் கடனை விரைந்து மீட்பதே அவற்றின் நோக்கமாக இருந்தது. 2002 ஆம் ஆண்டின் சட்டம் கடனாளிக்கு அங்கு வாயில் திறந்தபோதும், கோரப்பட்ட தொகையில் நூற்றுக்கு எழுபத்தைந்து வீதத்தை முன்னரே கட்டவேண்டும் என்று வாயிலிலே ஒரு பூட்டையும் போட்டது. கட்ட வழியிருந்தால் அவன் ஏன் அங்கு வரப்போகின்றான் என்பதைச் சட்டம் இயற்றியோர் சிந்தித்ததாகத் தெரியவில்லை. 2004 ஏப்ரலில் மார்டியா கெமிக்கல்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சட்டத்தின் பெரும்பகுதியை ஏற்றுக்கொண்டு, இந்தப் பூட்டை மட்டும் உடைத்தெறிந்தது. ஆகவே சிவகாசிக்காரர் வெறுங்கையோடு அங்கு நுழையலாம். ஆனால் முடிவு பாதகமாகி மேன்முறையீட்டுத் தீர்ப்பாயத்துக்குப் போவதாயின், தொகையிற் பாதியை, குறைந்தது காற்பங்கையேனும் கட்டியாகவேண்டும். பெயரைப் பொறுத்தமட்டில் மகளின் எண்ணம் சரியே. முறையிட வருவோனை முதலிலேயே கடனாளி என்று அழைக்கும் பெயர்ப்பலகை அது.

ரிசர்வ் வங்கியின் குறைகேள் அதிகாரியிடம் முறையிடலாமே என்றும் பேச்சு வந்தது. 2021 நவம்பரில் அத்திட்டம் ஒருங்கிணைக்கப்பட்டு, கட்டணமின்றி எவரும் முறையிடக்கூடியதாக உள்ளது. ஆயின் நீதிமன்றத்தில் நிலுவையிலுள்ள விடயத்தை அவர் கையிலெடுக்கமாட்டார். சொத்தைக் கைப்பற்றும் நடவடிக்கையை நிறுத்தும் ஆற்றலும் அவரிடம் இல்லை. எனவே அந்தப் பேச்சு நீளவில்லை.

அன்றிரவு அச்சகத்தார் மதுரையிலேயே தங்கினார். அவரை உறங்கவிடாதது பணமன்று என்று மகள் பின்னர் கூறியதுண்டு. நீதியரசர் ஒருவர் தம்மை நேரே நோக்கி, உமக்கு என்ன குறை என்று கேட்பார் என அவர் எதிர்பார்த்திருந்தார். வங்கியின் கிளை முகாமையாளர்கள் மூவர் மாறிவிட்டனர். எவரும் அவரை அமரச்சொல்லிக் கேட்டதில்லை. கடிதங்களுக்கு இரண்டு வரி வந்தது. நெடுநாளாகக் கேட்பாரின்றித் திரிந்த ஒருவருக்கு, கேட்கும் இடம் என்று உலகம் ஒப்புக்கொண்ட பெரிய மன்றின் வாயில்வரை வந்த பின்னர், நாங்கள் ஒன்றும் சொல்ல வரவில்லை என்று கூறித் திரும்புதல் எளிதாகுமா? சட்டத்தரணி சொன்னதன் சரி பிழை அவருக்கு விளங்கிற்று. விளங்கியதை ஏற்கத்தான் அவர் இரவு முழுவதும் பாடுபட்டார். வழக்கு என்பது உரிமையை நாடிச் செல்வது என்று சட்ட நூல்கள் கூறும். ஆனால் வழக்காளிகளிற் பலர் நாடிச் செல்வது ஒரு செவியையே.

பெப்ரவரி 2 ஆம் திகதி முற்பகல், இரு நீதியரசர்கள் அமர்ந்த மன்றில் அவருடைய இலக்கம் அழைக்கப்பட்டது. முழுவதும் இரண்டு நிமிடத்துக்குள் முடிந்தது. சட்டத்தரணி எழுந்து மூன்று விடயங்களைக் கேட்டார்: தீர்ப்பாயத்தை அணுகும் உரிமையோடு மனுவை மீளப்பெற அனுமதி, இருதரப்பு வாதங்களும் திறந்தே விடப்படுகின்றன என்ற குறிப்பு, இங்கு கழிந்த நாட்கள் காலக்கணக்கிற் சேர்க்கப்படலாகாது என்ற ஒரு சொல். முதலிரண்டையும் மன்று வழங்கியது. மூன்றாவதைத் தீர்ப்பாயமே பார்த்துக்கொள்ளும் என்று மறுத்தது. நாற்பத்தைந்தில் இருபத்துநான்கு நாட்கள் போய்விட்டிருந்தன. அச்சகத்தார் பின்வரிசையில் நின்றார். அவருடைய முகத்தை எவரும் நோக்கவில்லை.

உரிமையோடு என்னும் அந்த ஒரு சொல்லைச் சற்று நின்று பார்த்தல் தகும். மனுவை வெறுமனே மீளப் பெறுவதும், வேறிடம் செல்லும் உரிமையோடு மீளப் பெறுவதும் சாதாரண காதுக்கு ஒன்றாகவே கேட்கும். 1986 இல் சர்குஜா போக்குவரத்து நிறுவனத்தின் வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்த விதிப்படி, அனுமதி பெறாது பேராணை மனுவை மீளப் பெற்றவர் அதே விடயத்தில் மீண்டும் பேராணை மனுவோடு உயர் நீதிமன்றம் வரலாகாது. அவ்வழியை அவர் கைவிட்டதாகவே கொள்ளப்படும். பிற வழிகள் இதனால் அடைபடா. எனினும், ஒருவர் விட்டுச் சென்றாரா, இடம் மாறிச் சென்றாரா என்ற வினா நாளை எழுமானால், அதற்கு விடை கட்டளையிலே எழுதப்பட்டிருத்தல் வேண்டும். குடியியல் நடைமுறையிலும் இதுவே நிலை. இந்தியச் சட்டக்கோவையின் இருபத்துமூன்றாம் கட்டளையும் இலங்கைச் சட்டக்கோவையின் 406 ஆம் பிரிவும் புதிதாக வழக்கிடும் உரிமையோடு விலகுதல் என்பதை வெறும் விலகலினின்றும் பிரித்தே வைத்துள்ளன. ஒரு சொல்லைக் கேட்டுப் பெறாமையால் வழக்கிழந்தோர் இரு நாட்டிலும் உளர்.

கட்டளையின் உறுதிப்படுத்திய பிரதி கைக்கு வந்தபோது அதில் இருந்தது ஆறு வரிகள். கோரியவாறு உரிமை வழங்கப்பட்டு, மீளப்பெறப்பட்டதென மனு தள்ளுபடி செய்யப்படுகின்றது என்று அது முடிந்தது. ஊரிலே சிலர் அத்தாளை வாங்கிப் பார்த்தனர். தள்ளுபடி என்ற சொல்லில் அவர்களுடைய கண் நின்றது. அதற்கு முன்னிருந்த ஐந்து வரிகளையும் கண் தாண்டிவிட்டது. ஐகோர்ட்டே தள்ளிவிட்டதாம் என்று தேநீர்க் கடையிற் பேசிக்கொண்டனர். கடனுக்குக் காகிதம் தந்து வந்த வியாபாரி ஒருவர் அந்த வாரமே கணக்கை முடிக்கச் சொன்னார். நீதிமன்ற மொழிக்கும் தெரு மொழிக்கும் இடையிலுள்ள இந்த வெளியிலேதான் சிறு தொழில் செய்வோரின் நாணயம் விழுந்து நொறுங்குகின்றது. மனு வெறும் தாளிலே முடிந்தது. வியாபாரியின் மறுப்போ அச்சகத்தை இரண்டு வாரம் நிறுத்தியது.

தீர்ப்பாயத்துக்கான மனுவைத் தயாரித்தவர் உண்மையில் மகளே எனலாம். முன்னைய மனுவின் பன்னிரண்டு பக்கங்களும் கைவிடப்பட்டன. இரண்டு கணக்குகளையும் 2017 முதல் மாதவாரியாக அருகருகே எழுதி, ஒவ்வொரு வரவுக்கும் சீட்டின் அடிக்கட்டையைப் பிரதியெடுத்து ஒட்டினார். இயற்கை நீதி பற்றி இரண்டு வரிகள் மாத்திரம் சட்டத்தரணி சேர்த்துக்கொண்டார். தமிழ்நாடு முழுவதற்கும் சென்னையில் மூன்றும், கோயம்புத்தூரிலும் மதுரையிலும் ஒவ்வொன்றுமாக ஐந்து தீர்ப்பாயங்களே உள்ளன. இவர்களுக்கு மதுரை வாய்த்தது நற்பேறு. கட்டணம் தொகையைப் பொறுத்தது. பத்து இலட்சம் வரைக்கும் ஐயாயிரம் ரூபா, அதற்கு மேல் இலட்சத்துக்கு இருநூற்றைம்பது எனக் கணக்கிட்டுப் பதின்மூவாயிரம் ரூபா கட்டினர். அன்று பெப்ரவரி 17. முப்பத்தொன்பதாம் நாள். மறுநாள் சிவராத்திரி, விடுமுறை.

அங்கும் உடனடியாக எதுவும் நடந்துவிடவில்லை. அறுபது நாட்களில், மிஞ்சினால் நான்கு மாதங்களில் முடிக்க வேண்டும் என்று சட்டம் கூறுகின்றது. சட்டம் கூறுவதைத் தீர்ப்பாயத்தின் நாட்குறிப்பு அறிந்ததாகத் தெரியவில்லை. முதல் விசாரணையிலே, ஆறு இலட்சம் ரூபாவை இரண்டு தவணைகளிற் கட்டினால் ஏலம் நிறுத்திவைக்கப்படும் என்று கட்டளை பிறந்தது. பூட்டை உச்ச நீதிமன்றம் உடைத்ததாயினும், அதன் நிழல் இவ்வாறான நிபந்தனைகளாக இன்றும் வாயிலில் விழுந்துகொண்டே இருக்கின்றது. பழைய இயந்திரத்தை விற்று அவர் அதனைக் கட்டினார். அதே கட்டளையில் மற்றொரு வரியும் இருந்தது: இரு கணக்குகளின் முழுப் பேரேட்டையும் வங்கி முன்வைத்தல் வேண்டும்.

பேரேடு நாற்பத்தேழு பக்கங்களாக வந்தது. அதனை வாசித்தபோது முதலிற் சரிந்தது அச்சகத்தாரின் கட்சியே. வட்டிக்கு வட்டி திரும்பி வரவில்லை என்று அவர் கருதியிருந்தாரன்றோ? அது 2020 நவம்பரிலேயே வந்திருந்தது. ஆங்கில எழுத்துகள் சிலவற்றின் சுருக்கமாகப் பதியப்பட்டிருந்தமையால் அவர் கண்ணுக்குத் தப்பிவிட்டது. மூன்று வருடங்களாக அவர் எழுதிய கடிதங்கள் அனைத்திலும் முதலாவதாக நின்ற குற்றச்சாட்டு அதுவே. மகள் அதனை மனுவிலிருந்து நீக்கிவிடலாம் என்றார். நீக்குமாறு அவரே சொல்லிவிட்டார்.

முப்பத்தோராம் பக்கத்தில் மூன்று இலட்சம் இருந்தது. அடிக்கட்டையில் ஓர் இலக்கம், பேரேட்டில் வேறோர் இலக்கம். வங்கித் தரப்புச் சட்டத்தரணி அறிவுறுத்தல் பெற அவகாசம் கேட்டார். பின்னரும் கேட்டார். நான்காவது தடவையின்போது தலைமை அலுவலர், அடிக்கட்டையிலுள்ள முத்திரை உம்முடைய வங்கியினுடையதா இல்லையா என்று மட்டும் சொல்லும் என்றார். ஆம் என்பதே விடை. மதுரையின் இரு மன்றுகளிலும் அந்த ஒரு வினாவைத் தவிர வேறெதற்காகவும் சிவகாசிக்காரர் வரவில்லை. அது கேட்கப்பட்டபோது அவர் வெளியே தண்ணீர் குடிக்கச் சென்றிருந்தார் என்பதும் சொல்லப்பட வேண்டும்.

இறுதிக் கட்டளை வரையில் விடயம் செல்லவில்லை. செயற்படாக் கடனான திகதி பிழை எனத் தீர்ப்பானால், அறுபது நாள் அறிவித்தலிலிருந்து யாவற்றையும் புதிதாகத் தொடங்கவேண்டிவரும் என்பதை வங்கி உணர்ந்துகொண்டது. 2024 ஒக்டோபரில் இரு தரப்பாரும் கையொப்பமிட்ட இணக்கக் குறிப்பைத் தீர்ப்பாயம் பதிவு செய்தது. அந்த மூன்று இலட்சமும், அதனால் ஏறிய தண்ட வட்டியும் கழிக்கப்பட்டு, முன்னரே கட்டிய ஆறு இலட்சமும் போக மிகுதியைப் பன்னிரண்டு மாதத் தவணைகளிற் செலுத்த ஏற்பாடாயிற்று. உறவினர் இருவரிடம் கைமாற்றுப் பெற்றும், மனைவியின் நகைகளை விற்றும் அவர் அதனைச் செலுத்தினார். இது வெற்றியா என்று கேட்டவர்களிடம் மகள், அப்பாவுக்கு இப்போது வங்கியிற் கடனில்லை, சித்தப்பாவிடம் இருக்கின்றது என்று கூறுவதுண்டு.

உறுதிப் பத்திரங்கள் 2025 நவம்பரில் திரும்பக் கிடைத்தன. வங்கியின் மேசையிலேயே ஒவ்வொரு பக்கத்தையும் எண்ணிப் பார்த்த பின்னரே அவர் பெற்றுக்கொண்டதாகக் கையொப்பமிட்டார். அச்சகத்தில் இப்போது ஓர் இயந்திரம் ஓடுகின்றது. நாட்காட்டி வேலையை விட்டுவிட்டு, நோட்டு மட்டும் அச்சிடுகின்றார்.